மர்டோ கால்பிரெய்த்தின் தமிழ்க் குரல்

என் மனைவி வீட்டை விட்டுப் போனதற்கு ஒரு ஸ்காட்லாந்துக்காரர்தான் காரணம். நீங்கள் கேட்டீர்கள், அதனால் சொல்கிறேன். கேட்கவில்லையா? "திருச்செந்தூரா?" என்று கேட்டீர்களே, அதுதான். திருச்செந்தூர் இல்லை சார். அதற்கு முன்னால் குரும்பூரில் இறங்கிவிடுவேன். அங்கே மதினி வீடு, அதாவது என் மனைவியின் அக்கா வீடு. இருபத்து மூன்று நாளாக அங்கேதான் இருக்கிறாள். கூட்டிக்கொண்டு வரப் போகிறேன்.

அப்படிப் பார்க்காதீர்கள். நீங்கள் நினைக்கிற மாதிரி ஒன்றும் இல்லை. அந்த மனுஷருக்கு எழுபத்து நான்கு வயது. என் மனைவி செல்வக்கனியை அவர் பார்த்ததே கிடையாது. என்னையும் பார்த்தது கிடையாது. ஆனால் பத்தொன்பது வருஷம் அவருக்கு நான்தான் தமிழ் பேசினேன். மர்டோ கால்பிரெய்த். பெயர் சொன்னால் தெரியாது. 'கப்பல் தாத்தா' என்று சொன்னால் தெரியும். ஆங்... பார்த்தீர்களா, முகம் மாறுகிறது. டிவியில் பொங்கலுக்கும் தீபாவளிக்கும் போடுவார்களே, வெள்ளைத் தாடி, கிழிந்த கோட்டு, கப்பல் கேப்டன். அந்தக் குரல் அடியேனுடையது. தவசிமுத்து என் பெயர். படம் முடிந்து எழுத்து ஓடும்போது டி.முத்து என்று போடுவார்கள், போட்டால்.

புத்தகம் படிக்கிற மாதிரிப் பேசுகிறேனே என்று யோசிக்கிறீர்கள். முப்பது வருஷமாக வெள்ளைக்காரர்களுக்குத் தமிழ் பேசிப் பேசி, கீரைக்காரியிடம்கூட "அம்மணி, இதன் விலை என்ன?" என்று வந்துவிடுகிறது. செல்வக்கனி சிரிப்பாள். முன்பெல்லாம் சிரிப்பாள்.

மர்டோவின் சரித்திரம் எனக்கு மனப்பாடம். யாருக்கு டப்பிங் பேசுகிறோமோ அவரைத் தெரிந்துகொள்ள வேண்டும் என்பது என் கொள்கை. மற்றவர்கள் வந்து, பேசி, கவரை வாங்கிக்கொண்டு போய்விடுவார்கள். நான் அப்படி இல்லை. ஸ்காட்லாந்தில் வடக்கே, கடல் ஓரம், மீன் பிடிக்கிற ஊர். அம்மா மீன் அறுக்கிற கொட்டகையில் வேலை. அப்பா படகில் போனவர் ஒருநாள் வரவில்லை. பத்தொன்பது வயதில் கிளாஸ்கோ என்கிற பெரிய ஊருக்குப் போய்க் கப்பல் கட்டுகிற இடத்தில் வெல்டிங் வேலை. சாயங்காலம் நாடகம். முதல் இரண்டு வருஷம் ஈட்டியைப் பிடித்துக்கொண்டு ஓரமாக நிற்கிற காவலாளி வேஷம்தான். வசனமே கிடையாது. பார்க்க வந்தவர்கள் என்ன சொன்னார்களாம் தெரியுமா? ராஜாவைப் பார்க்காமல் காவலாளியையே பார்த்துக்கொண்டிருந்தோம் என்றார்களாம். ராஜாவாக நடித்தவர் கோபித்துக்கொண்டு இவரை முதுகைக் காட்டி நிற்க வைத்துவிட்டார். அப்புறமும் முதுகைப் பார்த்தார்களாம்!

அதற்கப்புறம் முப்பது வருஷம் மேடை. இரண்டு கல்யாணம். முதல் மனைவி நடிகை, விட்டுவிட்டுப் போனாள். ஏன் போனாள் என்று எந்தப் பேட்டியிலும் அவர் சொன்னதில்லை. ஐம்பது தாண்டித்தான் சினிமா. அதில் இந்தக் கப்பல் படம் உலகம் பூராவும் ஓடியது. தமிழிலும் டப்பிங் செய்தார்கள். பதினேழு பேரைப் பேச வைத்துப் பார்த்தார்கள் சார். பதினெட்டாவது நான்.

இந்தத் தொழிலில் ஒரு விஷயம் உண்டு. வெளியே தெரியாது. படம் துண்டு துண்டாக ஓடும், காதில் அவர் இங்கிலீஷ், கையில் தமிழ்த் தாள், எதிரே மைக். அவர் வாய் திறந்தால் நான் திறக்க வேண்டும், மூடினால் மூட வேண்டும். ஆனால் அவர் முதுகைக் காட்டினால்? தூரத்தில் நின்றால்? கை வாயை மறைத்தால்? அது நம் நிலம் சார்! பட்டா போடாத நிலம். நாம் எதை வேண்டுமானாலும் விதைக்கலாம். அந்த ஆளுக்குப் பழைய மேடைப் பழக்கம், சட்டென்று பேச்சை நிறுத்திவிடுவார். நிறுத்திவிட்டுத் திரும்பி நிற்பார். சும்மா நிற்பார். தமிழ்நாட்டில் தியேட்டரில் அப்படி நின்றால் என்ன நடக்கும்? சவுண்டு போய்விட்டது என்று கத்துவான்.

முதல் பாகத்தில் கப்பல் மூழ்கிவிடுகிறது. கேப்டன் கரையில் நின்று கடலைப் பார்க்கிறார். முதுகுதான் தெரிகிறது. ஐம்பது விநாடி. ஒரு சத்தம் இல்லை. எனக்குப் பொறுக்கவில்லை. டப்பிங்கை மேற்பார்வை பார்க்கிற உமாபதியிடம் சொன்னேன்.

"உமாபதி, இங்க நாலு வரி போட்டா என்ன?"

"அண்ணே, ஒரிஜினல்ல ஒண்ணுமே இல்லையே."

"ஒண்ணுமே இல்லங்கிறதாலதான் கேக்கேன்."

"சரி, போட்டுத் தொலைங்க. வெள்ளக்காரன் வந்தா கேக்கப் போறான்?"

நாலு இல்லை, பதினொரு வரி போட்டேன். நானே எழுதினது. "கடலே! என் அப்பனை எடுத்தாய். என் கப்பலை எடுத்தாய். மிச்சம் இருக்கிற இந்த ஒரு மூச்சையும் எடுத்துப் பார்..." இப்படிப் போகும். சத்தமாகச் சொன்னேனோ? முன்சீட்டு அம்மா திரும்பிப் பார்க்கிறார்கள். பார்க்கட்டும். தியேட்டரில் விசில் சார்! மூன்றாம் நாள் ஆட்டோவுக்குப் பின்னால் எழுதிவிட்டான். செல்போன் வந்த பிறகு ரிங்டோனாக வைத்துக்கொண்டார்கள். அந்த அப்பன் சமாச்சாரம் படத்தில் கிடையாது, அது மர்டோவின் சொந்த வாழ்க்கை. அவர் சொல்லாததை நான் சொல்லிக் கொடுத்தேன். எவ்வளவு பெரிய உபகாரம்!

அதிலிருந்து எல்லாப் படத்திலும் அப்படித்தான். பதினான்கு படம். அவர் எங்கே சும்மா இருக்கிறாரோ அங்கே நான் இருப்பேன்.

மூச்சைச் சொல்ல மறந்துவிட்டேன். ஒரு ஆளுக்கு அவ்வளவு நாள் பேசினால் அவர் மூச்சு நமக்கு வந்துவிடும். எந்த வார்த்தைக்கு முன்னால் இழுப்பார், எங்கே விடுவார், எல்லாம் தெரியும். மூன்று வருஷம் முன்னால் ஒரு கோர்ட் படம் வந்தது. முதல் துண்டிலேயே ஹெட்போனைக் கழற்றி வைத்துவிட்டேன். "உமாபதி, இந்த ஆளுக்குத் தொண்டையில ஏதோ இருக்கு" என்றேன். வார்த்தை முடிகிற இடத்தில் ஒரு சின்னக் கரகரப்பு, மணல் சிந்தின மாதிரி. "கேரக்டருக்காகச் செய்றாருண்ணே" என்றான். எனக்குத் தெரியும். நான் என்ன செய்தேன்? பழைய குரலையே கொடுத்தேன். கணீர் என்று. ஒரு கரகரப்பு இல்லாமல். நாலு மாசம் கழித்து நியூஸ் வருகிறது, தொண்டையில் புற்றுநோய், ஆபரேஷன், குரல்வளையை எடுத்துவிட்டார்கள் என்று. அவருடைய டாக்டருக்கு முன்னால் கண்டுபிடித்தது, வடபழனி டப்பிங் ஸ்டூடியோவில் உட்கார்ந்திருந்த நான். தமிழ்நாட்டில் அவருக்கு நோயே வரவில்லை சார்.

அதே சமயம்தான் செல்வக்கனிக்கும் ஒரு ஆபரேஷன். பித்தப்பைக் கல். சின்ன விஷயம். கொஞ்ச நாளாக வலி இருந்திருக்கிறது போல, என்னிடம் சொல்லவில்லை. சொல்ல வந்தாளோ என்னவோ, எனக்கு அந்தக் கோர்ட் படம் ஓடிக்கொண்டிருந்தது. மதினி வந்து கூட இருந்தார்கள். நான் இடைவேளையில் போன் போட்டேன். அவள் "என்னங்க" என்றாள். "ஒண்ணுமில்ல கனி, எல்லாம் சரியாப் போயிரும், பயப்படாத" என்றேன். அவளுக்கு அதுதான் தேவை. வேறு என்ன கேட்கப் போகிறாள்? வைத்துவிட்டு மறுபடி உள்ளே போய்விட்டேன்.

எங்கே விட்டேன்? துரோகம். இனிமேல்தான் மர்டோ எனக்குச் செய்த துரோகம்.

போன புரட்டாசியில் உமாபதி கூப்பிட்டான். "அண்ணே, உங்காளு கடைசிப் படம் வந்திருக்கு." ஆபரேஷனுக்கு அப்புறம் அவர் நடிக்கவே மாட்டார் என்று நினைத்திருந்தேன். நான் உடனே வெந்நீர் குடிக்க ஆரம்பித்தேன், மோரை நிறுத்தினேன். அவன் இழுத்தான். "ஆனா அண்ணே... உங்களுக்கு வேலை இல்ல. படம் பூரா அவர் பேசல."

"பேசலன்னா?"

"பேசலண்ணே. ஊமை மாதிரி. எல்லாரும் அவர்கிட்டப் பேசுறாங்க, அவர் பேசல."

போய்ப் பார்த்தேன். ஒரு கிழவர். மகன் இவருடைய படகில் போய் மூழ்கிவிட்டான். மருமகள் வந்து வீட்டில் தங்குகிறாள். ஏன் அந்த மழையில் அவனைக் கூட்டிக்கொண்டு போனாய், ஏன் திரும்பவில்லை என்று தினமும் கேட்கிறாள், திட்டுகிறாள், அழுகிறாள், அவனைப் பற்றிக் கதை கதையாகச் சொல்கிறாள். இவர் உட்கார்ந்திருக்கிறார். கழுத்தில் ஒரு துணி சுற்றியிருக்கிறது. அவ்வளவுதான். அவித்த முட்டையை உரித்து அவள் பக்கம் தள்ளுகிறார். இரண்டு மணி நேரம்.

எனக்கு முதலில் கோபம் வரவில்லை. பாவம், குரல் போய்விட்டது, அதனால் இப்படி ஒரு வேஷம் என்று நினைத்தேன். அதற்குத்தானே நான் இருக்கிறேன்! உமாபதியைப் பிடித்து உட்கார வைத்தேன். "மனக்குரல் போடுவோம். வாய் திறக்க வேண்டாம். மனசுக்குள்ள பேசுற மாதிரி. தமிழ் ஜனங்க கப்பல் தாத்தாவக் கேக்கத்தான வருவாங்க?" விநியோகஸ்தருக்கும் பிடித்துவிட்டது. நாற்பது இடத்தில் வசனம் எழுதினேன். ராப்பகலாக இல்லை, பகலில்தான், ஆனால் பதினாறு நாள். என் ஆயுசிலேயே நல்ல எழுத்து. மருமகள் "ஏன்?" என்று கேட்டால், இவர் மனசு பதில் சொல்லும். ஒவ்வொரு கேள்விக்கும் பதில். ஒன்றுகூட மிச்சம் வைக்கவில்லை. பேசி முடித்தேன். உமாபதி அழுதுவிட்டான். தூக்கமில்லாததால் கண் சிவந்திருந்தது என்று பிறகு சொன்னான், அது வேறு.

அனுமதிக்கு அனுப்பினோம். எட்டாம் நாள் படத்தை எடுத்த கம்பெனியிலிருந்து கடிதம். மர்டோ கால்பிரெய்த்தின் ஒப்பந்தத்தில் அவரே கேட்டு ஒரு நிபந்தனை எழுதி வாங்கியிருக்கிறாராம். எந்த மொழியிலும், எந்தக் காரணத்துக்காகவும், இந்தப் படத்தில் அவருக்குக் குரல் கொடுக்கக் கூடாது.

எந்த மொழியிலும்! யோசித்துப் பாருங்கள். எந்த நடிகனாவது இப்படி எழுதி வாங்குவானா? யாரையாவது மனசில் வைத்துக்கொண்டுதானே எழுத முடியும்? நீங்கள் வேறு யாராகவோ இருக்கும் என்கிறீர்கள். நீங்கள் சொல்லவில்லை, சரி, நினைக்கிறீர்கள். இல்லை சார். உமாபதி ஒரு பேட்டியைத் தேடி எடுத்தான். ஆபரேஷனுக்கு ஒரு வருஷம் முன்னால் மர்டோ கொடுத்தது. அதில் சொல்கிறார்: "என் கப்பல் படத்தை யாரோ ஏதோ ஓர் இந்திய மொழியில் எனக்குப் போட்டுக் காட்டினார்கள். நான் கடலைப் பார்த்துக்கொண்டு நிற்கிற காட்சி. என் வாழ்க்கையிலேயே நான் ஒழுங்காகச் செய்தது அந்த ஐம்பது விநாடிதான். அதில் என் முதுகு பேசிக்கொண்டே இருந்தது." அப்புறம் அடைப்புக்குறிக்குள் 'சிரிக்கிறார்' என்று போட்டிருந்தது.

ஏதோ ஓர் இந்திய மொழி. பத்தொன்பது வருஷம். தமிழ் என்று சொல்ல அந்த வாய்க்கு வலிக்கிறதா? சிரிக்கிறார்! நான் அவருக்காக ஐஸ் தண்ணீர் குடித்ததில்லை சார். என் அப்பா சாவுக்கு வாய்விட்டு அழவில்லை, மறுநாள் இரண்டாம் பாகம் பேச வேண்டியிருந்தது என்று. அந்த மனுஷரின் முதுகுக்குக்கூட நான் உயிர் கொடுத்தேன். அவர் என்ன செய்தார், போகும்போது கதவைச் சாத்திவிட்டுப் போனார். உள்ளே என்னை வைத்தா, வெளியே வைத்தா என்றுகூடத் தெரியவில்லை.

படம் அப்படியே வந்தது. மருமகளுக்குத் தமிழ், பக்கத்து வீட்டுக்காரருக்குத் தமிழ், போலீஸுக்குத் தமிழ். அவருக்கு ஒன்றும் இல்லை. செல்வக்கனியைப் பகல் காட்சிக்குக் கூட்டிக்கொண்டு போனேன். இந்த அநியாயத்துக்கு ஒரு சாட்சி வேண்டாமா? என் பதினான்கு படத்துக்கும் அவள் வந்திருக்கிறாள். நன்றாக இருந்தது என்பாள். ஒருநாளும் கண் கலங்கினதில்லை. இந்தப் படத்தில் இடைவேளைக்கு முன்னாலேயே அழ ஆரம்பித்துவிட்டாள். முந்தானை நனைகிற அளவுக்கு. நான் அவள் காதில் எனக்கு மட்டும் தெரிந்த அந்த வசனங்களை, அந்தந்த இடத்தில், மெதுவாகச் சொல்லிக்கொண்டே வந்தேன். அவள் தெரிந்துகொள்ள வேண்டாமா, என்ன இழந்தோம் என்று? ஒரு இடத்தில் என் தொடையில் கை வைத்து, "கொஞ்ச நேரம் சும்மா இருங்களேன்" என்றாள்.

வெளியே வந்து பஸ் ஸ்டாப்பில் நிற்கும்போது சொன்னாள். "அந்தப் பிள்ள சொல்றத ரெண்டு மணி நேரம் ஒரு ஆம்பள காது குடுத்துக் கேட்டுக்கிட்டே இருக்காரு. பாத்தீங்களா?"

"அதத்தான நானும் சொல்றேன், ஒரு வார்த்தை பேசல" என்றேன்.

"என்னங்க, நான் ஒண்ணு சொல்லணும்."

"தெரியும் கனி. உனக்கும் மனசு ஆறல. உனக்காவது என் கஷ்டம் புரியுதே."

வீடு வரைக்கும் நான்தான் பேசிக்கொண்டு வந்தேன். பேட்டி, நிபந்தனை, முதுகு, எல்லாம். அவள் ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தாள். மறுநாள் காலையில் இட்லி வைத்தாள், சட்னி அரைத்தாள், பையை எடுத்தாள். "அக்கா வீட்டுக்குப் போயிட்டு வாரேன்" என்றாள். சண்டை இல்லை, சத்தம் இல்லை. எல்லாம் அந்தப் படம் பார்த்த துக்கம். பார்த்துக்கொள்ளுங்கள், குரலையும் பிடுங்கினான், பொண்டாட்டியையும் அனுப்பி வைத்தான்.

முதல் வாரம் நான் போன் செய்யவில்லை. அவளே செய்வாள் என்று. இரண்டாம் வாரம் செய்தேன். எடுத்தாள். நானும் பெருந்தன்மையாக, "பரவாயில்ல, உடம்பப் பாத்துக்க, எப்ப வரணும்னு தோணுதோ வா" என்று சொல்லி வைத்துவிட்டேன். முந்தாநாள் மதினி கூப்பிட்டார்கள். அவர்கள் கொஞ்சம் வெடுக்கென்று பேசுகிறவர்கள்.

"தம்பி, கனிக்கு ஒங்ககிட்ட ஒரு விசயம் சொல்லணுமாம். போன்ல வேண்டாமாம். நேர்ல வாங்க."

"அதுக்கென்ன மதினி, நாளைக்கே கெளம்பி வந்து கூட்டிட்டுப் போறேன்."

"கூட்டிட்டுப் போறத அப்புறம் பாப்போம். வந்து கேட்டுட்டுப் போங்க. நடுவுல பேசப்பிடாதாம், அவ முடிக்கிற வரைக்கும். அப்படிச் சொல்லச் சொன்னா."

நடுவில் பேசக் கூடாதாம்! அவள் அப்படி என்ன பெரிதாகச் சொல்லிவிடப் போகிறாள்? இருபத்தேழு வருஷம் குடித்தனம் செய்தவனுக்குத் தெரியாதா? ராத்திரி ரயிலில் நன்றாகத் தூங்கினேன். திருநெல்வேலியில் இறங்கும்போதே எல்லாம் தயார். அவள் என்ன சொல்வாள் என்று வரி வரியாகச் சொல்லட்டுமா? இதோ. அவள் குரலிலேயே சொல்கிறேன், தொழில்காரன் இல்லையா:

"என்னங்க, நான் அவசரப்பட்டு வந்துட்டேன். நீங்க எவ்வளவு நொந்து போயிருந்தீங்க, அந்த நேரத்துல உங்களத் தனியா விட்டுட்டு வந்தது என் தப்பு. அந்த ஆளுக்கு உங்க அருமை தெரியல..."

இருங்கள். சரியாக வரவில்லை. அவள் குரல் இன்னும் கொஞ்சம் கீழே. "என்னங்க, நான்..." இல்லை. இது உமாபதி வீட்டம்மா மாதிரி இருக்கிறது. "என்னங்க..." இந்த ஒரு வார்த்தை நன்றாக வருகிறது, பாருங்கள். தினமும் கேட்ட வார்த்தை. இதற்கு அப்புறம்... அப்புறம் அவள் குரல் எப்படிப் போகும்? மேலே போகுமா, இறங்குமா? "என்னங்க..." வேடிக்கையாக இருக்கிறது. அப்புறம் வர வேண்டியதை நான் கேட்டதே இல்லாத மாதிரி... பஸ் குலுங்குகிறது, அதனால்தான். உட்கார்ந்துகொண்டு பேசினால் எனக்கு வராது.

நீங்களும் ஏதாவது பேசுங்களேன் சார். ஆழ்வார்திருநகரியிலிருந்து நானே பேசிக்கொண்டு வருகிறேன். நீங்கள் எந்த ஊர், என்ன வேலை, ஒன்றும் சொல்லவில்லையே. சரி, குரும்பூர் வந்துவிட்டது. கண்டக்டர் கத்துகிறார். இந்த மூட்டைக்காரர்கள் முதலில் இறங்கட்டும், வழியை அடைத்துக்கொண்டு நிற்கிறார்கள்.

அதோ! வாழைத்தார்க் கடைக்கு முன்னால், கறுப்புக் குடை. அவள்தான். ஸ்டாப்புக்கே வந்துவிட்டாள், பார்த்தீர்களா? நான் சொல்லவில்லை? கையில்... பை இல்லை. மதினி வீட்டில் வைத்துவிட்டு வந்திருப்பாள், மழையில் எதற்குத் தூக்க வேண்டும் என்று. ஆமாம், அப்படித்தான் இருக்கும். என்னைப் பார்த்துவிட்டாள். நம் ஜன்னலுக்குப் பக்கத்தில் வருகிறாள். சிரிக்கவில்லை. குடையை இந்தக் கையிலிருந்து அந்தக் கைக்கு மாற்றுகிறாள். சொல்ல ஆரம்பித்துவிட்டாளே, இங்கேயே, ரோட்டில் நின்றுகொண்டே! வீட்டுக்குள் போனால் பேச விடமாட்டேன் என்று நினைத்தாளோ.

உதடு நன்றாகத் தெரிகிறது சார். நீளமான வாக்கியம். நிற்காமல் போகிறது. இவ்வளவு நீளமாக அவள் பேசி நான் பார்த்ததில்லை. அந்த நீளத்துக்கு என்னால் எதை வேண்டுமானாலும் பொருத்த முடியும். 'வாங்க, வீட்டுக்குப் போவோம்' பொருந்தும். 'உங்களுக்காகத்தான் காத்திருந்தேன்' பொருந்தும். 'இனிமேல் வரமாட்டேன்' என்பதுகூடப் பொருந்தும்.

சார், மழைக்கு மூடின அந்தக் கண்ணாடியைக் கொஞ்சம் தள்ளுங்கள். நனைந்தால் நனையட்டும். தள்ளுங்கள் சார், அவள் முடித்துவிடப் போகிறாள்.